வாசகர் கேள்வி – பதில்: அறிவியலுக்குத் தெரிந்ததும் இலக்கியத்துக்குத் தெரிந்ததும்

சென்ற இதழில் ஒரு பதிலுக்கு நடுவே, "பயாப்ஸி ரிப்போர்ட் ஒரு திசுவைப் பற்றித் தெளிவாகச் சொல்லும். அந்தத் திசு யாருடையதோ அவரைப் பற்றி எதுவும் சொல்லாது. அதற்குக் கதைதான் வேண்டும்" என்று எழுதியிருந்தேன். அந்த இரண்டு வரியைப் பிடித்துக்கொண்டு நிறையப் பேர் எழுதிவிட்டீர்கள். சிலர் கோபமாகவே. இந்த முறை அந்தக் கேள்விகளை மட்டும் எடுத்துக்கொள்கிறேன்.

கேள்வி: கதை என்பது ஒருவர் இட்டுக்கட்டியது. நடக்காத ஒன்றைப் படித்து நடக்கிற உலகத்தைப் பற்றி எப்படி அறிய முடியும்? அதை அறிவியலுக்கு இணையாக வைப்பது, கதை படிப்பவர்கள் தங்களுக்குத் தாங்களே சொல்லிக்கொள்ளும் ஆறுதல்தானே? (இயற்பியல் முதுகலை மாணவி)

பதில்: நேரான கேள்வி. ஆனால் நான் இணையாக வைக்கவில்லை. ஒரே வேலையைச் செய்கிறவர்களுக்குள்தான் யார் மேல், யார் கீழ் என்று பார்க்கலாம். இவை இரண்டும் செய்கிற வேலையே வேறு.

என் தொழிலிலிருந்து தொடங்குகிறேன். நான் பெத்தாலஜிஸ்ட், திசுவைப் பார்த்து நோயைச் சொல்கிற டாக்டர். பெத்தாலஜி லேபுக்கு வரும் திசுத் துண்டை மெழுகில் பதித்து, மூன்று நான்கு மைக்ரான் தடிமனில் சீவி, ஸ்லைடில் ஏற்றிச் சாயம் போடுவோம். ஹெமட்டாக்சிலின் செல்லின் உட்கருவை ஊதாநீலம் ஆக்கும். ஈயோசின் மற்ற பகுதிகளை இளஞ்சிவப்பாக்கும். அப்புறம் மைக்ராஸ்கோப்பில் பார்த்து ரிப்போர்ட் எழுதுவேன். அது நல்ல ரிப்போர்ட்டா என்று பார்க்க ஒரு வழி இருக்கிறது. என் பெயரை மறைத்துவிட்டு அதே ஸ்லைடை இன்னொரு பெத்தாலஜிஸ்டிடம் கொடுங்கள். அவரும் அதையே எழுத வேண்டும். சந்தேகமான கேஸ்களை இரண்டாம் ஆளிடம் அனுப்புவது இதற்காகத்தான். எழுதியது நானா அவரா என்று படிப்பவருக்குத் தெரியக் கூடாது. தெரிந்தால் எங்கேயோ பிசகு. சொன்னவரைத் தாண்டி நிற்கிற வாக்கியங்களைத் தேடித் தேடிச் சேர்ப்பதுதான் அறிவியல் என்று நான் நினைக்கிறேன். அதன் பலம் முழுக்க அங்கேதான் இருக்கிறது.

இயக்க விதிகளைப் படிக்க நீங்கள் 1687-இல் நியூட்டன் லத்தீனில் எழுதிய நூலைத் திறந்திருக்க மாட்டீர்கள். பாடநூலில் படித்திருப்பீர்கள். அதனால் எதுவும் குறைந்துவிடவில்லை. சொல்லப்போனால் பாடநூலில்தான் அது இன்னும் தெளிவாக இருக்கிறது. இதையே ஒரு கவிதைக்குச் செய்து பாருங்கள். செம்மண்ணில் விழுந்த மழைநீர் போல நம் நெஞ்சங்கள் கலந்துவிட்டன என்று தலைவன் சொல்கிற குறுந்தொகைப் பாட்டு எல்லோருக்கும் தெரியும். 'முன்பின் தெரியாத இருவர் அன்பினால் ஒன்றானார்கள்' என்று அதன் முடிவை ஒரு வரியில் எழுதிக்கொண்டு பாட்டைத் தூரப் போட முடியுமா? உன் தாயும் என் தாயும் யார் யாரோ, நம் தந்தையர் எந்த வழியில் உறவு, நாம் எப்படி ஒருவரை ஒருவர் அறிந்தோம் என்று அடுக்கிக் கேட்டுவிட்டு, எதற்கும் பதில் சொல்லாமல் சட்டென்று மண்ணுக்கும் நீருக்கும் போய்விடுகிறான். அந்தப் போக்கில்தான் கண்டுபிடிப்பே இருக்கிறது. அதை வேறு சொற்களில் சொன்னால் கண்டுபிடித்தது கையை விட்டுப் போய்விடும். எழுதியவரின் சொந்தப் பெயர்கூட நமக்குக் கிடைக்கவில்லை, அந்த உவமையை வைத்துத்தான் செம்புலப்பெயனீரார் என்கிறோம். பெயர் தொலைந்தும் குரல் தொலையவில்லை. என் ரிப்போர்ட்டின் அடியில் என் பெயர் இருக்கிறது; குரல் கிடையாது, இருக்கவும் கூடாது.

சரி, நடக்காததைப் பற்றிக் கேட்டீர்கள். ரஷ்ய எழுத்தாளர் செக்காவ் ஒரு மருத்துவர் என்பது உங்களுக்குத் தெரிந்திருக்கலாம். 1890-இல், முப்பது வயதில், ரஷ்யாவின் கிழக்குக் கோடியில் தண்டனைக் கைதிகளை அடைத்தும் குடியேற்றியும் வைத்திருந்த சகலின் தீவுக்குப் போனார். அப்போது சைபீரியா வழியாக ரயில் கிடையாது. குதிரை வண்டியிலும் படகிலுமாக இரண்டரை மாதத்துக்கு மேல் ஆனது. அங்கே மூன்று மாதம் தங்கி, குடிசை குடிசையாக ஏறி இறங்கிக் கணக்கெடுத்தார். அதற்கென்று அட்டைகள் அச்சடித்து வைத்திருந்தார். பெயர், வயது, மதம், பிறந்த இடம், தீவுக்கு வந்த ஆண்டு, தொழில், எழுதப் படிக்கத் தெரியுமா, மணமானவரா என்று கட்டங்கள். ஏறத்தாழ 10,000 அட்டைகள் நிரப்பினார். திரும்பி வந்து எழுதிய புத்தகத்தில் கதை இல்லை; தட்பவெப்பம், நோய், சாவு, சவுக்கடி என்று பார்த்ததும் எண்ணியதும்தான் இருந்தன.

இதே ஆள் நாலு வருஷம் முன்பு, 1886-இல், சில பக்கங்களில் ஒரு கதை எழுதியிருக்கிறார். குதிரைவண்டிக்காரக் கிழவர். அந்த வாரம்தான் மகன் இறந்திருக்கிறான். வண்டியில் ஏறுகிற ஒவ்வொருவரிடமும் அதைச் சொல்லப் பார்க்கிறார். ஒருவர் பேச்சைத் திருப்புகிறார், இன்னொருவர் சீக்கிரம் ஓட்டச் சொல்லி விரட்டுகிறார். கடைசியில் லாயத்தில் தன் குதிரையிடம் சொல்கிறார்.

அந்தக் கிழவர் இருந்ததில்லை. அட்டைகளில் உள்ளவர்கள் இருந்தார்கள். அட்டைகள் சொல்வதைக் கதையால் ஒருநாளும் சொல்ல முடியாது. ஒரு கதையைப் படித்துவிட்டு 'வண்டிக்காரர்கள் எல்லாம் இப்படித்தான்' என்று ஒருவர் பேசினால் அவரை நம்பாதீர்கள். ஆனால் துக்கத்துக்குக் காது வேண்டும் என்பதை, அது கிடைக்காதபோது வாய்வரை வந்த வாக்கியம் திரும்பிப் போய் உள்ளே அடைபடுவதை, எந்த அட்டையின் எந்தக் கட்டத்தில் எழுதுவது? ரிப்போர்ட் வாங்க வருகிறவர்களில் சிலர் கவுன்டரில் நின்று சம்பந்தமே இல்லாத எதையோ பேசுவார்கள். மாடிப்படி வழுக்குகிறது என்பார்கள். பேனா எழுதவில்லை என்பார்கள். அந்தக் கதையைப் படித்தவர் அந்தப் பேச்சை வெட்ட மாட்டார். இது எனக்குத் திட்டமாகத் தெரிந்த ஒன்று. ஒருவரின் உள்ளே நின்று பார்ப்பது எப்படி இருக்கும் என்கிற அறிவு அது. சராசரி எடுத்தால் இல்லாமல் போய்விடும்.

இன்னொன்று. நீங்கள் இயற்பியல் படிப்பவர். உராய்வே இல்லாத தளம், அளவே இல்லாத, நிறை மட்டும் உள்ள புள்ளி, இவற்றையெல்லாம் வைத்துக் கணக்குப் போட்டிருப்பீர்கள். இவை உலகில் எங்கே இருக்கின்றன? கற்பனை என்பதாலேயே ஒன்று பொய்யாகிவிடாது என்பதை உங்கள் துறையே முதல் வகுப்பில் கற்றுத் தருகிறது. இயற்பியல் உராய்வை எடுத்துவிட்டுப் பார்க்கிறது. கதை உராய்வை விடாமல் பிடித்துக்கொண்டு பார்க்கிறது.

கேள்வி: 'அணுவைத் துளைத்து ஏழ்கடலைப் புகட்டி' என்று ஔவையார் பாடியிருக்கிறார். அணுவைப் பிளக்கலாம் என்று நம் முன்னோர் அறிந்ததற்கு இதைவிடச் சான்று வேண்டுமா? அறிவியலும் இலக்கியமும் வேறு வேறு என்று சொல்லும் நீங்கள் இதற்கு என்ன சொல்வீர்கள்? (ஓய்வு பெற்ற தமிழாசிரியர்)

பதில்: ஐயா, மறுக்கத்தான் போகிறேன். தமிழ் மேல் உள்ள அன்பினால் மறுக்கிறேன் என்பதை நீங்கள் நம்ப வேண்டும்.

அந்த வரி திருவள்ளுவ மாலையில் வருகிறது. இடைக்காடர் பெயரில் அங்கேயே இன்னொரு பாட்டு, 'கடுகைத் துளைத்து' என்று. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படித்தால் நடப்பது புரிந்துவிடும். குறளின் சுருக்கத்தைச் சொல்லக் கடுகு போதும் என்று ஒரு பாட்டு நினைக்கிறது. போதாது, அதைவிடச் சிறியது வேண்டும் என்று மற்றது போகிறது. உள்ளே செலுத்தப்படும் கடல்கள் ஏழு. குறளின் சீர்களும் ஏழு. எவ்வளவு அழகாகப் பொருந்துகிறது பாருங்கள்! இவ்வளவு சிறிய ஒன்றுக்குள் இவ்வளவு பெரிது எப்படி அடங்கியது என்கிற வியப்பு அந்த ஒன்றே முக்கால் அடிக்குள் நிற்கிறது. நாம் என்ன செய்கிறோம்? அந்த வியப்பை விட்டுவிட்டு, ஔவையாரை அணு உலைக்குச் சாட்சி சொல்ல இழுத்துக்கொண்டு போகிறோம்.

அணுவுக்குள் என்ன இருக்கிறது என்று மனிதர்கள் உண்மையில் எப்படி அறிந்தார்கள் தெரியுமா? 1909-இல் மான்செஸ்டரில், ரூதர்ஃபோர்டின் ஆய்வகத்தில், ஹான்ஸ் கைகரும் இருபது வயது மாணவர் எர்னஸ்ட் மார்ஸ்டனும் மெல்லிய உலோகத் தகட்டின் மேல் ஆல்ஃபா துகள்களைச் செலுத்திப் பார்த்தார்கள். துகள் வந்து மோதினால் துத்தநாக சல்ஃபைடு பூசிய திரையில் ஒரு பொட்டு வெளிச்சம் மின்னி மறையும். இருட்டறையில் உட்கார்ந்து, மைக்ராஸ்கோப்பில் கண்ணை வைத்து, அந்த மின்னல்களை ஒவ்வொன்றாக எண்ண வேண்டும். ஏறக்குறைய எல்லாத் துகள்களும் தகட்டைக் கடந்து போயின. சில ஆயிரங்களில் ஒன்று மட்டும் வந்த வழியே திரும்பித் தெறித்தது. அப்போது இருந்த அணுக் கொள்கைப்படி அப்படித் தெறிக்கவே கூடாது. அந்தத் தெறிப்பை விளக்கப் போய்த்தான் 1911-இல் ரூதர்ஃபோர்டு அணுக்கருவுக்கு வந்து சேர்ந்தார். யுரேனியத்தின் அணுக்கரு பிளவுபடுகிறது என்று தெரிய 1938 வரை ஆயிற்று.

அறிவியலில் 'அறிவது' என்றால் இதுதான். 'நீ நினைத்தது தப்பு' என்று உலகம் சொல்லக்கூடிய இடமாகப் பார்த்துப் போய் நின்று கேட்பது. ஔவையாரின் வரியை எந்தத் திரையும் தப்பென்று சொல்லிவிட முடியாது. அது உலகத்திடம் அப்படி எதையும் கேட்கவே இல்லை. மாணவர்களிடம் அந்த வரியைச் சொல்லுங்கள் ஐயா, கூடவே ஒரு குறளையும் சொல்லி, அந்த ஏழு சீருக்குள் எவ்வளவு இருக்கிறது என்று அவர்களையே எடுக்கச் சொல்லுங்கள். உங்களைப் போன்றவர்களால்தான் அது முடியும்.

கேள்வி: விளக்கம் தெரிந்துவிட்டால் அழகு போய்விடுகிறதே? வானவில்லின் அழகை நியூட்டன் கெடுத்துவிட்டார் என்று ஆங்கிலக் கவிஞர் கீட்ஸ் வருந்தினாராம். (கல்லூரி மாணவர்)

பதில்: எனக்கு அப்படி நடக்கவில்லை. வானவில்லின் சிவப்பு, சூரியனுக்கு நேரெதிர்த் திசையிலிருந்து ஏறக்குறைய 42 பாகையில் தெரியும். அந்தக் கோணம் பார்க்கிறவர் கண்ணிலிருந்து அளப்பது. ஆகவே பக்கத்தில் பக்கத்தில் நிற்கும் இரண்டு பேருக்கும் ஒரே துளிகள் ஒளியை அனுப்புவதில்லை. நீங்கள் பார்க்கிற வானவில்லை உலகத்தில் வேறு ஒருவரும் பார்க்கவில்லை. இது எனக்குத் தெரிந்த பிறகு நான் இன்னும் கொஞ்ச நேரம் கூடுதலாக நிற்கிறேன். கீட்ஸும் மருத்துவப் பயிற்சி பெற்றவர்தான். இதை அவரிடம் யாராவது சொல்லியிருக்கலாம் என்று தோன்றும்.

கேள்வி: ஒரே மனிதரிடம் இரண்டும் சேர முடியாதா? கதே கவிஞராகவும் விஞ்ஞானியாகவும் இருந்தாரே? (மென்பொருள் பொறியாளர்)

பதில்: கதேயின் கதை என்னை எப்போதும் வருத்தப்படுத்தும். 1810-இல் நிறங்களைப் பற்றிப் பெரிய நூல் ஒன்றை வெளியிட்டார். தன் கவிதைகளைவிட அதைத்தான் பெரிதாக நினைத்தார். அதில் நியூட்டனைக் கடுமையாகத் தாக்கியிருக்கிறார்.

நடந்தது இதுதான். வெள்ளை ஒளியில் எல்லா நிறமும் அடங்கியிருக்கிறது என்று நியூட்டன் சொன்னார். கதே ஒரு முப்பட்டகத்தைக் கண்ணருகே வைத்து வெள்ளைச் சுவரைப் பார்த்தார். சுவர் முழுக்க நிறங்கள் தெரியும் என்று எதிர்பார்த்தார். சுவர் வெள்ளையாகவே இருந்தது. வெளிச்சமும் இருட்டும் சந்திக்கிற ஓரங்களில், ஜன்னல் சட்டத்தை ஒட்டி, மட்டும் நிறங்கள் தெரிந்தன. அந்த நொடியே நியூட்டன் சொன்னது தப்பு என்று முடிவு செய்துவிட்டார். ஆனால் நியூட்டன் சொன்னதை வைத்தே இதையும் விளக்கலாம். சுவரின் ஒவ்வொரு புள்ளியிலிருந்தும் நிறங்கள் பிரிகின்றன. நடுவில் அவை ஒன்றன்மேல் ஒன்று விழுந்து மறுபடி வெள்ளையாகிவிடுகின்றன. ஓரத்தில் மேலே வந்து விழப் பக்கத்துப் புள்ளி இல்லாததால் நிறம் மிஞ்சுகிறது. யாராவது கணக்குப் போட்டுக் காட்டியிருந்தாலும் அவர் கேட்டிருப்பாரா என்பது சந்தேகம். இருட்டறையில் ஒரு துளை வழியே வரும் கீற்றை வைத்து ஒளியை விசாரிப்பதே அவருக்குப் பிடிக்கவில்லை. பார்க்கிற மனிதரை வெளியே நிறுத்திவிட்டு ஒளியைப் பற்றிப் பேசுவதை அவரால் தாங்க முடியவில்லை. கவிதையில் அவருக்குக் கைகொடுத்த குணம் அது. இயற்பியலில் அதுவே காலை வாரிவிட்டது.

ஆனாலும் அந்த நூல் வீண் இல்லை. பிரகாசமான ஒன்றைப் பார்த்துவிட்டுக் கண்ணைத் திருப்பினால் எதிர் நிறத்தில் மிதக்கும் பிம்பம், மாலையில் மெழுகுவர்த்தி ஏற்றியதும் நிழல் நீலமாகத் தெரிவது, இவற்றையெல்லாம் அவ்வளவு பொறுமையாகக் கவனித்து எழுதியிருக்கிறார். ஒளியைப் பற்றிச் சொன்னது நிற்கவில்லை. கண்ணைப் பற்றிச் சொன்னதில் நிறைய நின்றது. ஒரு மனிதர் இருக்கும் இடத்தில் அவர் சரியாகவே பார்த்திருக்கிறார்.

இரண்டையும் கலக்காமல் செய்தவர் வேண்டுமென்றால் நபகோவைச் சொல்வேன். நாவலாசிரியர்தான். ஆனால் ஹார்வர்டின் விலங்கியல் அருங்காட்சியகத்தில் வருஷக்கணக்காக மைக்ராஸ்கோப்பின் முன் உட்கார்ந்து, நீலநிறச் சிறு வண்ணத்துப்பூச்சிகளின் இனப்பெருக்க உறுப்புகளை ஒப்பிட்டுக்கொண்டிருந்தார். அமெரிக்கக் கண்டங்களில் உள்ள அந்த வகைப் பூச்சிகள் ஆசியாவிலிருந்து பெரிங் நீரிணை வழியாக அலை அலையாக வந்திருக்க வேண்டும் என்று 1945-இல் எழுதினார். 2011-இல் மரபணுக்களை வைத்துச் சோதித்தபோது அது சரியென்று வந்தது. அதைச் சோதிக்க, எழுதியவர் நாவலாசிரியர் என்பது தெரிய வேண்டியிருக்கவில்லை. அவர் பெயரை மறைத்துவிட்டாலும் அது சரிதான்.

கேள்வி: வார்டில் நாங்கள் கண்ணால் பார்ப்பது ஒன்று, புள்ளிவிவரம் சொல்வது ஒன்று. முரண்படும்போது எதை நம்புவது? (செவிலியர்)

பதில்: சிஸ்டர், எது நடக்கிறது என்பதில் எண்ணிக்கையை நம்புங்கள். எங்கே எண்ணிப் பார்க்க வேண்டும் என்பதற்குக் கண்ணால் பார்த்ததையும் காதால் கேட்டதையும் நம்புங்கள். ஏன் என்று சொல்கிறேன்.

1840-களில் வியன்னா பொது மருத்துவமனையில் இரண்டு பிரசவப் பிரிவுகள் இருந்தன. முதலாவதில் மருத்துவ மாணவர்கள், இரண்டாவதில் மருத்துவச்சிகள். நாள் மாற்றி நாள் இரண்டிலும் சேர்ப்பார்கள். 1846-இல் முதல் பிரிவில் தாய்மார்களில் சுமார் 11 சதவீதம் பேர் இறந்தார்கள். இரண்டாவதில் 3 சதவீதத்துக்கும் குறைவு. இது அந்த ஊர்ப் பெண்களுக்குத் தெரிந்திருந்தது. முதல் பிரிவில் போடாதீர்கள் என்று முழங்காலிட்டுக் கெஞ்சியிருக்கிறார்கள். அங்கே வேலை பார்த்த டாக்டர் செம்மல்வைஸ் தன் புத்தகத்தில் இதை எழுதிவைத்திருக்கிறார்.

காற்று கெட்டுவிட்டது, கூட்டம் அதிகம் என்று காரணங்கள் சொல்லப்பட்டன. கூட்டம் உண்மையில் இரண்டாவது பிரிவில்தான் அதிகம். செம்மல்வைஸ் ஒவ்வொன்றாகத் தள்ளிக்கொண்டே வந்தார். 1847-இல் அவருடைய நண்பர் கொலெட்ஷ்கா, பிரேதப் பரிசோதனையின்போது மாணவர் ஒருவரின் கத்தி விரலில் பட்டு, காய்ச்சல் கண்டு இறந்தார். அவர் உடலில் கண்டதும் அந்தத் தாய்மார்களின் உடலில் கண்டதும் ஒன்றாகவே இருந்தன. மாணவர்கள் பிணவறையிலிருந்து நேராகப் பிரசவ அறைக்குப் போய்க்கொண்டிருந்தார்கள். குளோரின் கரைசலில் கை கழுவ வைத்தார். 1848-இல் முதல் பிரிவின் சாவு 1.3 சதவீதத்துக்கு இறங்கியது. கிருமிகள் பற்றிய கொள்கை வருவதற்கு முன்பே.

பிணவறை மேசை என் துறையின் மேசை. அதனால் இதை என்னால் சாதாரணமாகப் படிக்க முடிவதில்லை. அந்தப் பெண்களுக்கு உண்மை தெரிந்திருந்தது, காரணம் தெரியாது. அதே பெண்கள் நம்பிய வேறு பத்து விஷயங்கள் தப்பாகவும் இருந்திருக்கலாம். எது சரி எது வதந்தி என்று பிரித்துக் கொடுத்தது எண்ணிக்கைதான். ஆனால் அவர்கள் கெஞ்சியதைக் காதில் வாங்கிக்கொள்ளாத ஒருவர் அந்த எண்ணிக்கையை எடுத்துப் பக்கத்தில் பக்கத்தில் வைத்திருப்பாரா? அங்கே எத்தனையோ டாக்டர்கள் இருந்தார்கள். நீங்கள் வார்டில் பார்ப்பதை எழுதிவையுங்கள், தேதி போட்டு.

கேள்வி: ஆராய்ச்சி மாணவன் நான். கதை, கவிதை படிக்க நேரமில்லை. அதனால் ஆராய்ச்சிக்கு ஏதாவது நஷ்டமா?

பதில்: ஆராய்ச்சிக்கு நஷ்டம் இருக்காது. டார்வினுக்கு இருக்கவில்லை. 1876-இல் எழுதிய தன்வரலாற்றில், முப்பது வயதுவரை கவிதையில் திளைத்ததாகவும், இப்போது ஒரு வரிகூடப் படிக்க முடியவில்லை, ஷேக்ஸ்பியர் குமட்டுகிறார் என்றும் சொல்கிறார். தகவல் மலைகளை அரைத்துப் பொது விதிகளைப் பிழிந்தெடுக்கும் எந்திரமாகத் தன் மனம் ஆகிவிட்டதாம். இன்னொரு வாழ்க்கை கிடைத்தால் வாரம் ஒருமுறையாவது கொஞ்சம் கவிதை படிப்பேன், கொஞ்சம் இசை கேட்பேன் என்கிறார். அது போனதில் மகிழ்ச்சி போயிற்று, அறிவுக்கும் குணத்துக்கும்கூடக் கேடு வந்திருக்கலாம் என்று அவரே சொல்கிறார். நாவல்களை மட்டும் வீட்டார் வாசித்துக் காட்டக் கேட்டுக்கொண்டிருந்தார், அதுவும் நல்லபடியாக முடிகிற நாவல்கள். வாரம் ஒருமுறை என்பது உங்களால் முடியாத கணக்கு இல்லை.

கேள்வி: மூளையை முழுக்கப் புரிந்துகொண்டுவிட்டால் நாவலுக்கு என்ன வேலை? மனத்தைப் பற்றி நாவல் சொல்வதை ஸ்கேன் இன்னும் துல்லியமாகச் சொல்லிவிடாதா?

பதில்: 1953-இல், கடுமையான வலிப்புக்காக, 27 வயது இளைஞர் ஒருவருக்கு மூளையில் இரு பக்கமும் ஹிப்போகேம்பஸ் உள்ளிட்ட பகுதிகளை அறுவை செய்து எடுத்தார்கள். வலிப்பு குறைந்தது. புதிய நினைவுகள் தங்குவது நின்றுபோயிற்று. கட்டுரைகளில் அவர் பெயர் எச்.எம். 2008-இல் அவர் இறந்த பிறகுதான் ஹென்றி மொலைசன் என்று உலகத்துக்குத் தெரிந்தது.

அவரை ஆராய்ந்த உளவியலாளர் பிரெண்டா மில்னர் அவரிடம் ஒரு நட்சத்திரப் படத்தைக் கொடுத்து, கண்ணாடியில் பார்த்தபடியே அதன் ஓரத்தை வரையச் சொன்னார். நாளுக்கு நாள் கை தேறியது. ஒவ்வொரு முறையும் இதற்கு முன் இதைச் செய்ததே இல்லை என்றுதான் அவர் நினைத்தார். நினைவு என்பது ஒரே ஒரு பொருள் இல்லை, கைக்கு ஒரு நினைவு, நடந்ததற்கு வேறு நினைவு என்று அதிலிருந்து தெரிந்தது. மகத்தான கண்டுபிடிப்பு. எந்த நாவலாலும் அதைக் கண்டுபிடித்திருக்க முடியாது.

அதே ஆராய்ச்சியாளர்கள் அவர் சொன்ன ஒன்றையும் பதிவு செய்தார்கள். எனக்கு எந்த மகிழ்ச்சி கிடைத்திருந்தாலும், எந்தத் துயரம் நேர்ந்திருந்தாலும், ஒவ்வொரு நாளும் தனக்குள் தனியாக நிற்கிறது என்று சொன்னார். இதை அட்டவணையில் போட முடியவில்லை. அவர் பேசியபடியே விட வேண்டியிருந்தது. ஹிப்போகேம்பஸ் பற்றி இனி எவ்வளவு தெரிய வந்தாலும் அந்த வாக்கியம் பழசாகாது. அவருக்கு என்ன ஆயிற்று என்று ஸ்கேன் சொல்லும், நாளுக்கு நாள் இன்னும் நன்றாகவே சொல்லும். அப்படி ஒரு நாளுக்குள் இருப்பது எப்படி என்று அவர்தான் சொல்ல வேண்டும், அல்லது அவரிடத்தில் தன்னை வைத்துப் பார்க்கத் தெரிந்த ஒருவர். அந்த வேலை இருக்கிறவரைக்கும் நாவல் இருக்கும்.

கேள்வி: நான் எழுதிய கதையில் நாயகி அந்தி நேரத்தில் கிழக்கே மூன்றாம் பிறை எழுவதைப் பார்க்கிறாள். அறிவியல்படி தப்பு என்று நண்பர் சொல்கிறார். கதைக்கு அது முக்கியமா? (புதிய எழுத்தாளர்)

பதில்: முக்கியம். மூன்றாம் பிறை அந்தியில் மேற்கே தெரியும், சூரியனுக்குப் பின்னாலேயே இறங்கிவிடும். அந்தியில் கிழக்கே எழுவது முழு நிலா. நாயகியின் மனத்துக்குள் நடப்பதை உங்களைத் தவிர யாரும் சரிபார்க்க முடியாது, அதை வாசகர் உங்களை நம்பித்தான் எடுத்துக்கொள்கிறார். சரிபார்க்க முடிகிற நிலாவையே நீங்கள் பார்க்காமல் எழுதியிருந்தால் அந்த நம்பிக்கை எங்கிருந்து வரும்? அவளை மேற்குப் பார்த்து உட்கார வையுங்கள். அப்புறம் அந்தக் காட்சியை மறுபடி முழுக்க எழுதுங்கள். பிறை சீக்கிரம் இறங்கிவிடும் என்பதால் அவளுக்கு இருக்கும் நேரமும் குறைந்துவிடுகிறது.